கரிசல் பூமியின் தெலுங்கு ஊர்கள்

மதுரையிலிருந்து திருமங்கலம் வழியாகத் தே.கல்லுப்பட்டி, பேரையூர் செல்லும் சாலையில் மண்ணின் நிறம் மாறுவதைக் காணலாம். செம்மண் பின்தங்கி, கறுத்த கரிசல் தொடங்கும். அந்தக் கரிசலில் நாயக்கன்பட்டி, ரெட்டியபட்டி என முடியும் ஊர்ப் பெயர்கள் அடிக்கடி வரும். இவ்வூர்களில் பல வீடுகளில் இன்றும் பேச்சு மொழி தெலுங்கு. எழுதுவதும் படிப்பதும் தமிழில்தான்.

கரிசல் மண்ணைத் தெலுங்கில் 'நல்ல ரேகடி' என்பர். நமது காதுக்கு 'நல்ல' என்பது உயர்ந்தது என்று கேட்கும். தெலுங்கில் அதற்குக் கருப்பு என்று பொருள். பருத்தி போட்டவர்களுக்கு இரண்டு பொருளும் பொருந்தும்! பூகோளப் புத்தகங்களில் கரிசலுக்கு 'ரீகர் மண்' என்று பெயர் கொடுத்திருப்பதும் இந்தத் தெலுங்குச் சொல்லிலிருந்து வந்ததே.

இவர்கள் இங்கு வந்தது எப்படி? 14-ஆம் நூற்றாண்டில் விஜயநகரப் படைகள் மதுரையைக் கைப்பற்றின. பின்னர் 16-ஆம் நூற்றாண்டில் விசுவநாத நாயக்கர் காலத்தில் பாளையங்கள் வகுக்கப்பட்டன. சாப்டூர், தொட்டப்பநாயக்கனூர் போன்ற பாளையங்கள் கம்பளத்து நாயக்கர்களிடம் இருந்தன. நாயுடு, ரெட்டியார் குடிகளும் வந்தன. வைகைக் கரையின் நஞ்சைகளுக்கு ஏற்கெனவே உரிமையாளர் இருந்தனர். ஆனால் கரிசல் காடு பெரும்பாலும் திருத்தப்படாமல் கிடந்தது. கரிசலும் பருத்தியும் அறிந்து வந்த குடிகள் அங்கே ஊன்றிக்கொண்டன. அருந்ததியரிலும் பலருக்கு வீட்டு மொழி தெலுங்கே. கமலைக்குத் தோல் தைத்துக் கொடுத்ததும், வயலில் பாடுபட்டதும் அவர்கள். நிலத்தில் பங்கு மட்டும் அவர்களுக்கு மிகக் குறைவாகவே கிடைத்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

1895-இல் பெரியாறு அணை கட்டி முடிந்து, அதன் தண்ணீர் வைகைக்கு வடக்கே வாடிப்பட்டி, மேலூர்ப் பக்கம் நெல் விளைத்தது. தென்கரையில் திருமங்கலம் கால்வாய் பாயும் பகுதி போக, மற்ற இடங்களில் கண்மாயும் வானமும்தான் கதி. பல இடங்களில் கிணற்று நீர் உவர்ப்பு. ஆகவே குடிப்பதற்கு மழைநீர் தேங்கும் ஊருணியைத் தனியே காத்தனர். மழை பெய்தால் கரிசல் சேறாகிக் காலை விடாது. எனவே வீடுகளை மேட்டில் நெருக்கிக் கட்டிக்கொண்டு, சுற்றிலும் காடு வைத்தனர். மானாவாரியில் ஒரு குடும்பம் பிழைக்க நஞ்சையைவிட நிலம் கூடுதலாக வேண்டும். அதனால் ஊர்கள் தள்ளித் தள்ளி அமைந்தன; ஜனத்தொகையும் குறைவாகவே இருந்தது.

இப்போது அந்தக் குறைவும் மேலும் குறைகிறது. 2011 கணக்கெடுப்பில் மதுரை மாவட்டத்தில் ஏறத்தாழ 30 லட்சம் பேர். அதில் நூற்றுக்கு 60 பேர் நகரவாசிகள். அதே கணக்கில் தமிழ்நாட்டில் தெலுங்கைத் தாய்மொழியாகச் சொன்னவர்கள் நூற்றுக்கு ஆறு பேருக்குச் சற்றுக் குறைவு. தாத்தா தெலுங்கில் கேட்க, பேரன் தமிழில் பதில் சொல்லும் வீடுகள் பல. மொழி மாறுவது இயற்கை. ஆனால் மண்ணையும் மழையையும் பற்றிய சொற்கள் போகும்போது, அவற்றோடு சேர்ந்த பக்குவமும் கேட்பாரற்றுப் போகிறது. இடைசெவலில் பிறந்த கி. ராஜநாராயணன் 'கோபல்ல கிராமம்' எழுதியிராவிட்டால் இக்குடியேற்றத்தின் கதை பலருக்குத் தெரிந்திராது.

ஆள் குறைந்ததன் விளைவைக் காட்டில் பார்க்கலாம். பருத்தி எடுக்க ஆள் கிடைக்காததால் பலர் மக்காச்சோளத்துக்கு மாறினர். 2018-இல் படைப்புழு வந்து அதையும் அடித்தது. தரிசாக விட்ட நிலத்தில் சீமைக்கருவேல் ஏறுகிறது. ஒருமுறை வேர் பிடித்தால், அதைத் தோண்டி எடுக்கும் செலவு சிறு விவசாயியால் தாங்கக் கூடியதல்ல.

கைவிடாமல் நிலத்தை வைத்திருக்க விரும்பும் அன்பர்கள், பெரியவர்கள் செய்த ஒன்றைக் கவனிக்கலாம். மழை பெய்தபின் கரிசலில் ஏர் இறங்காது. ஆகையால் கோடையிலேயே உழுது, சரிவுக்குக் குறுக்கே பாத்தி வரப்பு எடுத்து, ஆவணிக் கடைசியிலிருந்து புரட்டாசி முதலுக்குள் காய்ந்த மண்ணிலேயே விதைத்துவிடுவர். கோவில்பட்டி ஆராய்ச்சி நிலையம் அமைந்ததும் இதே கரிசலில்தான். இன்று முன்பருவ விதைப்பு என்று சிபாரிசு செய்யப்படுவதும் இம்முறையே. சோளத்தை இரண்டு அங்குல ஆழத்தில் போட்டால் சிறு தூறலுக்கு முளைத்துக் காய்ந்துபோகாது. நல்ல மழை இறங்கிய பிறகே முளை வரும். டிராக்டரில் விதைக்கும் கருவியைப் பூட்டினால் ஆள் பற்றாக்குறையும் ஓரளவு சமாளிக்கப்படும். பருத்தி வரிசைகளுக்கு இடையே உளுந்து போட்டால், பருத்தி வெடிக்கும் முன்பே கையில் கொஞ்சம் காசு வரும். எந்தக் காட்டில் ஈரம் நிற்கும், எது சீக்கிரம் வெடிக்கும் என்பதை ஊரில் வயதானவர்களிடம் இந்தக் கோடையிலேயே கேட்டு வைத்துக்கொள்வது நல்லது.