காலாப்பட்டுக் கடற்கரையில் சூரிய மண்டலப் பாடம்

சூரிய மண்டலத்தைப் பற்றிய பாடம் நடைபெறாத பள்ளி நம் நாட்டில் இல்லை. ஆனால் அப்பாடத்தை ஆங்கிலத்தில் படிக்கும் கிராமத்துக் குழந்தைக்கு ஒரே சமயத்தில் இரண்டு சுமைகள் ஏற்படுகின்றன. ஒன்று, புதிய விஷயம். மற்றொன்று, புதிய மொழி. பூமி தன் அச்சில் சுழலுவதை ‘ரொட்டேஷன்’ என்றும், சூரியனைச் சுற்றி வருவதை ‘ரெவல்யூஷன்’ என்றும் அக்குழந்தை மனப்பாடம் செய்கிறது. வரலாற்றுப் பாடத்திலோ அதே ‘ரெவல்யூஷன்’ பிரெஞ்சுப் புரட்சியைக் குறிக்கிறது. தேர்வில் விடை எழுதிவிடலாம். பொருள் விளங்கிற்றா என்பதே கேள்வி.

பம்பரம் சுழலுகிறது; தேர் கோயிலை வலம் வருகிறது. இவ்விரண்டையும் கண்ட குழந்தைக்கு வேறுபாடு உடனே புலப்படும். எனவே முதலில் கண்ணால் காணுதல், பிறகு தாய்மொழியில் கூறுதல், அதன்பின் ஆங்கிலச் சொல்லைக் கற்றல் என்னும் வரிசையே ஏற்றது. இயன்றவரை 5-ஆம் வகுப்பு வரையிலாவது வீட்டு மொழியில் கற்பித்தல் நலம் என்று 2020-ஆம் ஆண்டின் தேசியக் கல்விக் கொள்கையும் கூறுகிறது.

நிழல் கற்பிக்கும் பாடம்

புதுச்சேரி நகருக்கு வடக்கே, கிழக்குக் கடற்கரைச் சாலையில் அமைந்தது காலாப்பட்டு. 1985-இல் நிறுவப்பெற்ற புதுச்சேரிப் பல்கலைக்கழகம் இங்குதான் உள்ளது. கிழக்கே வங்கக் கடல் பரந்து கிடப்பதால், சூரியன் எழுவதை மறைப்பின்றிக் காணலாம். ஆராய்ச்சிக்கு இதைவிடத் தக்க இடம் வேண்டுவதில்லை.

ஒரு மீட்டர் உயரமுள்ள கோலைச் சமதரையில் செங்குத்தாக நட்டு, நண்பகலில் அதன் நிழலை மாணவர்கள் அளந்து வரட்டும். டிசம்பர் 22-ஐ ஒட்டி நிழல் ஏறக்குறைய 71 சென்டிமீட்டர் நீண்டு வடக்கே விழும். நாளுக்கு நாள் குறைந்து, ஏப்ரல் 21-ஐ ஒட்டிய நாளில் நிழலே இராது. பிறகு அது தெற்கே திரும்பி, ஜூன் 21-இல் ஏறக்குறைய 20 சென்டிமீட்டர் ஆகும். ஆகஸ்டு 21-ஐ ஒட்டி மீண்டும் மறையும். பூமியின் அச்சு இருபத்து மூன்றரைப் பாகை சாய்ந்திருப்பதே இதற்குக் காரணம். உத்தராயணம், தட்சிணாயனம் என்று நம் மக்கள் வழங்குவதன் பொருளும் இதுவே.

நிழல் மிகக் குறுகும் நேரம் கடிகாரத்தில் சரியாக 12 மணியாக இராது. ஏப்ரலில் ஏறக்குறைய 10 நிமிடம் பிந்தும். இந்திய நேரம் 82½ பாகைத் தீர்க்கரேகையை ஒட்டிக் கணக்கிடப்படுகிறது. காலாப்பட்டோ அதற்கு மேற்கே உள்ளது. இந்தப் பத்து நிமிட வேறுபாட்டை மாணவன் தானே கண்டுபிடித்துக் காரணம் கேட்பானாயின், அதுவே ஆராய்ச்சியின் தொடக்கம். ஆனால் சூரியனை நேராக உற்று நோக்கக் கூடாது என்பதை ஆசிரியர் முன்கூட்டியே வற்புறுத்த வேண்டும்.

சாலையில் ஒரு சூரிய மண்டலம்

பள்ளிச் சுவரில் ஒரு மீட்டர் குறுக்களவுள்ள வட்டம் வரைந்து அதைச் சூரியன் எனக் கொள்வோம். அந்த அளவில் பூமி ஒரு கொண்டைக்கடலை. அதை 107 மீட்டருக்கு அப்பால் வைக்க வேண்டும். சந்திரன் ஒரு கடுகு. கடலையிலிருந்து ஒரு சாண் தள்ளி இருக்கும். செவ்வாய் ஒரு மிளகு, 164 மீட்டர். வியாழன் உரித்த தேங்காய், 560 மீட்டர். சனி ஒரு சாத்துக்குடி, ஒரு கிலோமீட்டர். கடைசிக் கோளாகிய நெப்டியூன் ஓர் எலுமிச்சம்பழம். அதைக் காண மூன்று கிலோமீட்டருக்கு மேல் நடக்க வேண்டும். நடந்து பார்த்த குழந்தை இந்தத் தொலைவை மறவாது.

ஊரார் அறிவும் உதவும்

“எங்களுக்கு ஆங்கிலம் தெரியாது, பிள்ளைக்கு எப்படி உதவுவது?” என்று பெற்றோர் தயங்குகின்றனர். தயக்கம் வேண்டியதில்லை. அமாவாசையிலும் பௌர்ணமியிலும் கடல் ஏற்றம் மிகுவதை மீனவர் அறிவர். மாணவர்கள் அவர்களிடம் கேட்டுக் குறித்து, சந்திரன் எழும் நேரத்தோடு ஒப்பிடலாம். கிழமைகளின் பெயர்களிலேயே ஐந்து கோள்கள் உள்ளன.

இத்தகைய அறிவை மேலை நாட்டினரும் மதித்தனர். வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதைக் காண லெ ழாந்தி என்னும் பிரெஞ்சு வானியலார் 1768-இல் புதுச்சேரிக்கு வந்தார். 1769 ஜூன் 4 காலையில் மேகம் மறைத்துவிட்டது. எனினும் அவர் தமிழ்க் கணிதர் ஒருவரிடம் கிரகணக் கணக்கைக் கற்றார். 1765-ஆம் ஆண்டுச் சந்திர கிரகணத்தின் கால அளவைத் தமிழ்க் கணக்கு 41 விநாடியே குறைத்துக் காட்டியது. ஐரோப்பிய அட்டவணையோ 68 விநாடி மிகுத்துக் காட்டியது.

ஆங்கிலம் வந்து சேரும் இடம்

அளவுகள் ஏட்டில் ஏறிய பின்னரே ஆங்கிலம் வரவேண்டும். நீளம், குறுக்கம், வடக்கு, தெற்கு முதலிய பத்துச் சொற்களைச் சுவரில் எழுதி வைத்து, சிறு வாக்கியங்களைப் பேசச் செய்யலாம். மூவர் கொண்ட குழு தான் கண்டதை முதலில் தமிழிலும் பின்னர் ஆங்கிலத்திலும் வகுப்பின்முன் எடுத்துரைக்கட்டும். கூற வேண்டிய விஷயம் தன்னுடையதாக இருக்கும்போது நாவும் துணிவு பெறும். 1993-இல் தொடங்கிய தேசியக் குழந்தைகள் அறிவியல் மாநாட்டிலும் மாணவர்கள் தம் ஊரில் செய்த ஆய்வுகளைத் தம் மொழியிலேயே கூற இடம் இருந்தது.

பஞ்சாயத்தின் பணி

இம்முறை கடற்கரை ஊர்களுக்கு மட்டும் உரியதன்று. நிழற்கோல் நட ஒரு திடல், அளவுகளை எழுத ஓர் அறிவிப்புப் பலகை, மாதம் ஓர் இரவு வானம் பார்ப்பதற்காக ஒரு மணி நேரம் தெருவிளக்கை அணைத்தல் – இவற்றைப் பஞ்சாயத்து அங்கத்தினர் எளிதில் செய்து கொடுக்கலாம். பெருஞ்செலவு ஏதுமில்லை. விவசாயிகளும் மீனவரும் தாம் அறிந்ததைக் குழந்தைகளுக்குக் கூற முன்வரல் வேண்டும். அங்ஙனம் செய்தால், வானத்தைப் பற்றிய பாடம் புத்தகத்தில் அடைபட்டுக் கிடவாமல் ஊர்ப் பொதுச் சொத்தாக விளங்கும். ஆங்கிலமும் குழந்தைக்கு அச்சமூட்டாத துணையாக அமையும்.