தூக்கும் கயிறு எவ்வளவு தாங்கும்?

சென்னைத் துறைமுகத்தில் கன்டெய்னர்களுக்கென்றே தனி முனையம் 1983-ல் தொடங்கியது. இன்று எண்ணூரிலும் காட்டுப்பள்ளியிலும் கன்டெய்னர்கள் இறங்குகின்றன. சரக்கோடு சேர்த்து 30 டன் வரை எடையுள்ள அந்தப் பெட்டிகள், லாரியில் ஏறுவதற்கு முன் எஃகுக் கம்பிக்கயிறுகளில்தான் தொங்குகின்றன.

கம்பிக்கயிற்றை 1834-ல் ஜெர்மனியின் ஹார்ஸ் மலைச் சுரங்கங்களில் அறிமுகப்படுத்தியவர் வில்ஹெல்ம் ஆல்பர்ட். அதுவரை இருந்த சங்கிலியில் ஒரு கண்ணி விட்டால் எல்லாம் போயிற்று. கயிற்றிலோ ஓர் இழை அறுந்தாலும் மற்றவை தாங்கும்.

கிரேன்களில் பரவலாக ஓடும் ஒரு வகையைப் பார்ப்போம். புரிகள் ஆறு, புரிக்கு 36 இழைகள், ஆக 216. விட்டம் 24 மி.மீ. இருந்தால் அறுவதற்கு ஏறத்தாழ 37 டன் வேண்டும். ஆனால் ஐந்தில் ஒரு பங்கு, அதாவது 7 டன்தான் அதில் ஏற்றலாம் என்று வைத்துக்கொள்வது வழக்கம். மீதி 30 டன் எதற்கு?

கிணற்றில் நீர் இறைப்பவருக்கு விடை தெரியும். நிதானமாக இழுத்தால் தாங்கும் கயிறு, வெடுக்கென்று இழுத்தால் அறும். பாரம் அசையாமல் நின்றாலும், ஒரே வேகத்தில் ஏறினாலும் கயிற்றில் இருப்பது அதன் எடை மட்டுமே. வேகம் கூடும்போதுதான் இழுவிசையும் கூடுகிறது. 7 டன் பாரம் நொடிக்கு ஒரு மீட்டர் வேகத்தை ஒரு நொடியில் எட்டினால் கயிறு உணர்வது 7.7 டன். அதே வேகத்தை நொடியின் பத்தில் ஒரு பங்கில் எட்டினால் 14 டன். இறக்கும்போது சட்டென்று பிரேக் போட்டாலும் இதே கணக்குதான்.

தளர்ந்த கயிறு இன்னும் மோசம். 4 மீட்டர் நீளக் கயிறு 7 டன்னைச் சுமக்கும்போது ஒரு சென்டிமீட்டர் அளவுக்கு நீளும். அந்தப் பாரம் வெறும் 10 செ.மீ. விழுந்து கயிறு விறைத்தால், இழுவிசை சுமார் ஐந்தரை மடங்காகி 38 டன்னைத் தொடும். கயிறு அறும். காசிமேட்டு விசைப்படகின் வலை கடலடிப் பாறையில் சிக்கும்போது, விஞ்சில் ஓடும் ரோப்புக்கும் இதே ஆபத்து உண்டு.

கப்பிகளில் வளைந்து வளைந்து இழைகள் களைக்கின்றன, உப்புக்காற்று அரிக்கிறது. எனவே கப்பல்துறைத் தொழிலாளர் பாதுகாப்பு விதிமுறைகள், 1990, கயிற்றின் விட்டத்தைப் போல் எட்டு மடங்கு நீளத்துக்குள் கண்ணுக்குத் தெரியும்படி பத்து சதவீதத்துக்கு மேல் இழைகள் அறுந்திருந்தால் அதைப் பயன்படுத்தக் கூடாது என்று வகுத்தன. நம் கயிற்றில் அது 192 மி.மீ. நீளம், 22 இழைகள் அறுந்திருந்தால் கழித்துவிட வேண்டும். கிரீஸைத் துடைத்துவிட்டுத் துணியைச் சுற்றி மெல்ல நகர்த்தினால், அறுந்த இழையின் முனை நூலைப் பற்றிக்கொள்ளும். துறைமுகத்துக்கு வெளியே, திருவொற்றியூர் ஆலைகளுக்கு 2025 வரை தொழிற்சாலைகள் சட்டம், 1948 பொருந்தியது. தூக்கும் கருவிகளையும் கயிறுகளையும் 12 மாதத்துக்கு ஒருமுறையாவது தகுதி பெற்றவர் முழுமையாகச் சோதிக்க வேண்டும் என்றது அது.

ஆனால் வருடாந்தரச் சோதனை, அன்றாட வெடுக்குகளைத் தடுக்காது. தளர்ச்சியை மெல்ல இழுத்து, பாரம் தரையை விட்டதும் ஒரு கணம் நிறுத்தி, பிறகு ஏற்றும் ஆபரேட்டர் நேரத்தை வீணாக்கவில்லை. மணிக்கு எத்தனை பெட்டி என்று கணக்கெடுக்கும் நிர்வாகங்கள் அந்த நொடிகளையும் வேலை நேரமாகவே எண்ண வேண்டும். கீழே ஸ்லிங் மாட்டுபவரின் உயிர் அந்த நொடிகளில்தான் இருக்கிறது.