செழியன் (ஒளிப்பதிவாளர்)

செழியன் தமிழ்த் திரைப்பட ஒளிப்பதிவாளர், எழுத்தாளர், இயக்குநர். பி. சி. ஸ்ரீராமிடம் உதவியாளராக இருந்தவர். ஆனந்த விகடனில் தொடராக எழுதிய 'உலக சினிமா' வழியாகவே பல வாசகர்களுக்கு முதலில் அறிமுகமானார். அயல்மொழிப் படங்கள் எளிதில் கிடைக்காத அக்காலத்தில், படத்தைப் பார்க்காதவருக்கும் காட்சி காட்சியாகக் கதை சொன்ன தொடர் அது.

பாலாஜி சக்திவேல் இயக்கிய 'கல்லூரி' (2007) ஒளிப்பதிவாளராக அவரது முதல் படம். 2000 பிப்ரவரி 2 அன்று தருமபுரி அருகே இலக்கியம்பட்டியில் பேருந்துக்குத் தீ வைக்கப்பட்டு, கோவை வேளாண் பல்கலைக்கழக மாணவிகள் மூவர் உயிரிழந்த நிகழ்வே அப்படத்தின் முடிவுக்கு அடிப்படை. அதியமான்கோட்டை, பாப்பாரப்பட்டி போன்ற ஊர்களைக் கொண்ட அதே மாவட்டமே அவர் ஒளிப்பதிவு செய்த 'ஜோக்கர்' (2016) படத்தின் களம். கழிப்பறைத் திட்ட ஊழலால் மனைவி நினைவிழந்து கிடக்க, தன்னையே குடியரசுத் தலைவராக அறிவித்துக்கொள்ளும் பாப்பாரப்பட்டிக்காரனின் கதை. ராஜுமுருகன் இயக்கியது.

இவற்றுக்கிடையே 'தென்மேற்குப் பருவக்காற்று' (2010), 'பரதேசி' (2013) ஆகியவற்றுக்கும் ஒளிப்பதிவு செய்தார். 'பரதேசி'யின் மங்கிய மண் நிறத்தை அழகுக்காகச் சேர்த்த பூச்சு என்று சொல்ல முடியாது. தேயிலைத் தோட்டக் கொத்தடிமைகளின் வறுமை அந்த நிறத்தில்தான் தெரிகிறது. இயல்பான ஒளியை நம்பிப் படமெடுத்து, பிறகு அதைப் பற்றி நூலும் எழுதியவர் சுவீடனின் ஸ்வென் நிக்விஸ்ட். கேமராவும் எழுத்தும் ஒரே கையில் சேரும் அந்த அரிய மரபில் செழியனையும் வைக்கலாம்.

அவர் எழுதி, ஒளிப்பதிவு செய்து, இயக்கிய 'டுலெட்' படத்தை அவரது மனைவி பிரேமா தயாரித்தார். கதை 2007இல் சென்னையில் நடக்கிறது. தகவல் தொழில்நுட்பத் துறையின் வளர்ச்சியால் வாடகை உயர்ந்த காலம். உதவி இயக்குநர் ஒருவர், மனைவி, சிறுவனான மகன். வீட்டைக் காலி செய்ய ஒரு மாதமே அவகாசம். அடுத்த வீடு தேடிப் போகும் இடமெல்லாம் வாடகையோடு சாதி, உணவு, தொழில் என எல்லாமே விசாரிக்கப்படுகின்றன. சினிமாக்காரர் என்றதும் கதவு சாத்தப்படுகிறது. படத்தில் பாடலோ பின்னணி இசையோ இல்லை. மின்விசிறியின் சத்தமும் தெருவின் இரைச்சலும்தான் கேட்கின்றன. மேற்கத்திய இசைக் குறியீடுகளைக் கற்பிக்கும் நூல்களைத் தமிழில் எழுதியவரே இசையை விலக்கியது கவனிக்கத்தக்கது.

2017 கொல்கத்தா சர்வதேசத் திரைப்பட விழாவில் திரையிடப்பட்ட 'டுலெட்', 65ஆவது தேசிய விருதுகளில் சிறந்த தமிழ்ப் படமாகத் தேர்வானது. 'தென்மேற்குப் பருவக்காற்று', 'ஜோக்கர்' ஆகியவையும் அதே விருதைப் பெற்றவை. ஆயினும் 'டுலெட்' திரையரங்குக்கு வர 2019 பிப்ரவரி வரை காத்திருக்க வேண்டியிருந்தது.