தென்காசி பேருந்து நிலையமும் ஒரு 'கௌரவமான விடுதலை'யும்

சாரல் காலத்தில் குற்றாலம் செல்லத் தென்காசி பேருந்து நிலையத்தில் இறங்கும்போதெல்லாம் எனக்கு ஒரு வழக்கு நினைவுக்கு வரும். 1999 ஜூலையில் குற்றாலம் சீசன் பாதுகாப்புப் பணிக்கு வந்திருந்த காவலர் ஒருவர், இரவில் மது அருந்திவிட்டு, கணவருடன் பேருந்துக்குக் காத்திருந்த பெண்ணிடம் முறைகேடாக நடந்துகொண்டார் என்பது குற்றச்சாட்டு. துறை விசாரணைக்குப் பின் அவர் பணிநீக்கம் செய்யப்பட்டார். குற்றவியல் வழக்கிலோ அந்தத் தம்பதியர் பிறழ்சாட்சிகளாயினர், அவர் விடுதலையானார். பணிநீக்கத்தை எதிர்த்த வழக்கில் உயர் நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 2012 நவம்பர் 30 அன்று நீதிபதிகள் கே.எஸ்.ராதாகிருஷ்ணன், தீபக் மிஸ்ரா அமர்வு அதை மாற்றியது.

பேருந்து நிலையங்களில் சாதாரண உடையில் பெண் காவலர்கள், கண்காணிப்பு கேமராக்கள் என அத்தீர்ப்பு பிறப்பித்த உத்தரவுகளே அப்போது பேசப்பட்டன. இளைஞர்களின் வாழ்க்கையைத் தொட்டது வேறொரு பகுதி. 'கௌரவமான விடுதலை' என்ற சொல் குற்றவியல் சட்டங்கள் எதிலும் இல்லை, நீதிமன்றங்கள் உருவாக்கியது என்று ஒப்புக்கொண்ட உச்ச நீதிமன்றம், அதற்கு விளக்கமும் தந்தது: சாட்சியங்களை முழுமையாக ஆராய்ந்து, அரசுத் தரப்பு அறவே தோற்றது என்று கண்டு விடுவித்தால் அது கௌரவமானது எனலாம். சாட்சி பிறழ்ந்ததால் கிடைத்தது அந்த வகையில் சேராது.

அந்தக் காவலர் விஷயத்தில் தீர்ப்பு சரி என்பதே என் கருத்து. ஆனால், பணியில் இருந்தவரை அளந்த அதே கோல் மறு ஆண்டே, பணிக்கு வர விரும்பியவரையும் அளந்தது. டெல்லி காவல் துறைக்குத் தேர்வான மெஹர் சிங் வழக்கு அது. பேருந்தை மறித்துத் தாக்கியதாகத் தம்மீது பதிவாகி, சமரசத்தில் முடிந்த வழக்கை அவர் விண்ணப்பத்தில் மறைக்கவில்லை. ஆனாலும் தேர்வு ரத்தானது செல்லும் என்றது உச்ச நீதிமன்றம்.

தமிழ்நாட்டில் இதற்கு முன்பே விதி இருக்கிறது. சிறப்புக் காவல் சார்நிலைப் பணி விதிகளின் 14(பி), சந்தேகத்தின் பலனாலோ புகார்தாரர் பிறழ்ந்ததாலோ விடுதலையானவரைக் குற்ற வழக்கில் தொடர்புடையவராகவே கருதச் சொல்கிறது. 2008இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வும் அதை உறுதிப்படுத்தியது. சரிபார்ப்பின்போது வழக்கு நிலுவையில் இருந்து, பின்னர் கௌரவமாக முடிந்தாலும் அடுத்த தேர்வில்தான் பங்கேற்க முடியும். இரண்டாம் நிலைக் காவலருக்குப் பொதுப் பிரிவில் வயது வரம்பு 26 என்பதை இங்கே நினைவில் கொள்ள வேண்டும்.

நம் ஊர்களில் வழக்குகள் எப்படி முடிகின்றன? கோயில் கொடையில் ஒரு கைகலப்பு, வரப்புத் தகராறில் ஒரு தள்ளுமுள்ளு. வீட்டில் உள்ள அத்தனை ஆண்களின் பெயரும் புகாரில் ஏறும். கல்லூரியில் படிக்கும் பையன் பெயரும்தான். பிறகு பெரியவர்கள் கூடி, "ராஜியாகப் போங்கப்பா" என்பார்கள். சிறு காய வழக்குகளில் ராஜியைச் சட்டமே அனுமதிக்கிறது; அதற்கு விடுதலையின் பலனையும் தருகிறது. ஊர் அமைதியானது, பையனின் காக்கிச் சட்டைக் கனவு அந்த நாளிலேயே முடிந்துபோனது யாருக்கும் தெரியாது. குற்றமற்றவனாயினும் தன்னை விடுவிக்கும் தீர்ப்பின் வாசகத்தை அவன் தேர்ந்தெடுக்க முடியாதே!

2016இல் அவ்தார் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு சற்றே கதவைத் திறந்தது. இளம் வயதில் முழக்கமிட்டது போன்ற அற்ப வழக்குகளைப் பொருட்படுத்தாமல் விடலாம்; பதவியின் தன்மையையும் குற்றத்தின் தன்மையையும் எடைபோட வேண்டும் என்றது. உண்மையைச் சொன்னவரையும் பரிசீலிக்கும் உரிமை அரசுக்கு உண்டு என்றும் சேர்த்துச் சொன்னது. எடைபோட வேண்டிய அந்த இடத்தில் பல ஆணைகள் விதி எண்ணை மட்டும் எழுதி நின்றுவிடுகின்றன. பேருந்தை மறித்துத் தாக்கியவரும் கொடைத் தகராறில் பெயர் ஏறியவரும் ஒன்றல்லர் என்று சொல்ல, காரணம் எழுதப்பட்ட ஆணை வேண்டும். விதி 14(பி) அதைக் கட்டாயமாக்கித் திருத்தப்பட வேண்டும்.

அதுவரை, தென்காசிப் பிள்ளைகள் நியாயம் கேட்டு மதுரைக் கிளைக்குத்தான் போகிறார்கள். தகுதிப் பட்டியலை நீதிமன்றம் புதிதாகத் தயாரிக்காது. முடிவு எடுக்கப்பட்ட முறையைத்தான் பார்க்கும். அங்கே முதலில் புரட்டப்படுவது இரண்டு தாள்கள்: வழக்கு உண்டா என்ற கேள்விக்கு விண்ணப்பத்தில் எழுதிய பதில், கீழமை நீதிமன்றத் தீர்ப்பின் கடைசிப் பத்தி.