எண்ணத் தெரிந்த செல்கள்

ஒரு கோழிக்குஞ்சு இதயம் கண்ணாடிக் குடுவையில் 34 ஆண்டு உயிரோடு இருந்தது என்றால் நம்புவீர்களா? விஞ்ஞானிகளே நம்பினார்கள். முழு இதயம் இல்லை. முட்டைக்குள் இருந்த கருவின் இதயத்தில் எடுத்த சின்னத் துணுக்கு. 1912இல் நியூயார்க்கில் அதை வளர்க்கத் தொடங்கியவர் அலெக்சிஸ் காரெல். அதே ஆண்டு நோபல் பரிசும் வாங்கியவர். அவர் சொன்னால் மறுபேச்சு ஏது? வேளாவேளைக்குச் சாப்பாடு போட்டால் செல்லுக்கு மூப்பே வராது என்பது ஊரறிந்த உண்மையாகிவிட்டது.

1960 வாக்கில் பிலடெல்பியாவில் லியனார்டு ஹேஃப்லிக் என்பவர் மனிதச் செல்களை வளர்த்துக்கொண்டிருந்தார். குடுவை நிறைந்ததும் செல்களை இரண்டு குடுவைகளுக்குப் பிரித்துவிடுவார். அவை நிறைந்ததும் மறுபடி பிரிப்பார். ஏறத்தாழ 50 முறை இரட்டித்த பிறகு செல்கள் பிரிவதை நிறுத்திக்கொண்டன. சாகவில்லை, சும்மா கிடந்தன. ‘சாப்பாடு கெட்டிருக்கும், கிருமி புகுந்திருக்கும்’ என்று யாரும் சொல்லிவிடலாமே!

அந்த வாயை அடைக்க அவரும் பால் மூர்ஹெட்டும் செய்த சோதனைதான் இந்தக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த இடம். ஏற்கெனவே 40 முறை இரட்டித்த ஆண் செல்களையும், 10 முறை மட்டுமே இரட்டித்த பெண் செல்களையும் ஒரே குடுவையில் கலந்தார்கள். குரோமோசோமை நுண்ணோக்கியில் பார்த்தால் எது ஆண், எது பெண் என்று தெரிந்துவிடும். பக்கத்திலேயே அந்தக் கிழட்டு ஆண் செல்கள் மட்டும் இருக்கும் குடுவை ஒன்று. அது ஓய்ந்த நாளில் கலவைக் குடுவையைப் பார்த்தார்கள். அங்கே பிரிந்துகொண்டிருந்தவை பெண் செல்கள் மட்டுமே! கிருமியோ கெட்ட சாப்பாடோ காரணம் என்றால் இரண்டும் அல்லவா நின்றிருக்க வேண்டும்?

இன்னொரு வேடிக்கை. 30 முறை இரட்டித்த செல்களை உறையவைத்து, நெடுநாள் கழித்து வெளியே எடுத்தால், மீதி 20 முறை மட்டுமே இரட்டிக்கும். விட்ட இடத்திலிருந்து எண்ணுகின்றன! காரெலின் குடுவையில் என்ன நடந்தது? அவர் ஊற்றிய கோழிக்கருச் சாற்றோடு புதுச் செல்களும் உள்ளே போயிருக்கலாம் என்பது பலருடைய சந்தேகம்.

சரி, செல்லுக்குள் கணக்குப்பிள்ளை யார்? மாஸ்கோவில் அலெக்சேய் ஒலோவ்னிக்கோவ் இதைப் பற்றிய உரை ஒன்றைக் கேட்டுவிட்டு மெட்ரோ நிலையத்தில் நின்றிருந்தார். ரயில் வந்தபோது அவருக்குப் பொறி தட்டியது. தண்டவாளம்தான் டி.என்.ஏ. அதன்மேல் ஓடியபடி பிரதி எடுக்கும் நொதிதான் ரயில். தான் நிற்கும் இடத்துத் தண்டவாளத்தை ரயிலால் பிரதி எடுக்க முடியாதே! ஆகவே ஒவ்வொரு முறையும் நுனி கொஞ்சம் குறைய வேண்டும். இதை 1971இல் எழுதினார். அந்த நுனிக்கு டெலோமியர் என்று பெயர். நம் செல்லில் ஆறே எழுத்துகள் ஆயிரம் தடவைக்கு மேல் திரும்பத் திரும்ப வரும் பகுதி அது. குறைந்த நுனியை மீண்டும் நீட்டும் நொதியை, குளத்தில் வாழும் ஒற்றைச் செல் உயிரியில் எலிசபெத் பிளாக்பர்னும் அவருடைய மாணவி கேரல் கிரைடரும் 1984இல் கண்டுபிடித்தார்கள். 2009இல் ஜாக் ஷோஸ்டாக்குடன் சேர்த்து நோபல் பரிசு.

அந்த நொதியை எல்லாச் செல்லுக்கும் கொடுத்துவிட்டால் என்ன? அவசரப்படாதீர்கள். பெரும்பாலான புற்றுநோய்ச் செல்கள் நிற்காமல் பெருகுவதே அந்த நொதியின் தயவால்தான். 50இல் நிற்பது நமக்குக் காவலும்கூட.

மூப்பின் காரணம் கிடைத்துவிட்டது என்று நினைத்தால், எலி குறுக்கே வருகிறது. ஆய்வகச் சுண்டெலியின் டெலோமியர் நம்முடையதைவிட நீளம். ஆயுளோ இரண்டு மூன்று ஆண்டுதான். ஆக, நுனி மட்டும் காரணமில்லை. மூச்சுவிடும்போது உண்டாகும் வீரியமான ஆக்சிஜன் துணுக்குகள் செல்லைப் பாழாக்குகின்றன என்று 1956இல் டென்ஹாம் ஹார்மன் சொன்னார். அதிலும் கொஞ்சம் உண்மை உண்டு.

எனக்குச் சரியாகப் படுவது 1977இல் தாமஸ் கிர்க்வுட் சொன்ன கணக்கு. காட்டில் சுண்டெலியை எப்படியும் ஆந்தை சீக்கிரம் பிடித்துவிடும். உடம்பைப் பழுதுபார்ப்பதில் சக்தியைச் செலவழிப்பதைவிட, சீக்கிரம் குட்டி போடுவதே அதற்கு லாபம். பறந்து தப்பிக்கும் விலங்குக்கோ பழுதுபார்ப்பது பலன் தரும். சைபீரியாவில் பிராண்ட் வௌவால் ஒன்றுக்கு வளையம் மாட்டிவிட்டார்கள். 41 ஆண்டு கழித்து அதே வௌவால் மறுபடி பிடிபட்டது. அதன் எடை ஏறத்தாழ 7 கிராம், சுண்டெலியைவிடக் குறைவு!