பி. ரம்லியின் இசையும் மொழியின் ஒலியளவும்

திரையிசையமைப்பாளர் ஒருவரின் பணியில் மொழியியலார் ஆராய்வதற்கு என்ன இருக்கிறது எனச் சிலர் வினவலாம். மொழியின் ஒலியளவும் இசையின் காலவளவும் பாட்டிலேதான் சந்திக்கின்றன. அச்சந்திப்பை நம் பினாங்கில் பிறந்த பி. ரம்லியின் பணிகொண்டு விளக்க முற்படுகிறோம்.

1929 மார்ச் 22ஆம் நாள் ஜார்ஜ்டவுனில் பிறந்த ரம்லி, 1947இல் வானொலிப் பாட்டுப் போட்டியில் முதலிடம் பெற்றார். மறு ஆண்டு புக்கிட் மெர்தாஜாமில் அவர் பாடக் கேட்ட இயக்குநர் பி. எஸ். ராஜ்ஹன்ஸ், சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸில் இருந்த படப்பிடிப்பு நிலையத்துக்கு அவரை அழைத்துக்கொண்டார். அங்குத் தொடக்கத்தில் பணியாற்றிய இயக்குநர் பலர் இந்தியர். இந்தியத் திரையின் பின்னணிப் பாடல் முறையும் அங்கு வழங்கியது. 1948இல் வெளிவந்த 'சிந்தா' படத்தில் தீயவனாக நடித்தவர் ரம்லி. நாயகனின் வாயசைப்புக்குக் குரல் தந்தவரும் அவரே. சென்னையில் பிறந்த எல். கிருஷ்ணன் இயக்கிய 'பக்தி' (1950) படத்தில் நாயகனாகித் தம் குரலிலேயே பாடினார். 'ஹாங் துவா' படத்திற்கு அவர் அமைத்த இசை, 1956இல் ஹாங்காங்கில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் பரிசு பெற்றது.

ஜோகெட் முதல் ரும்பா வரை பல தாளங்களை அவர் மலாய்ச் சொற்களோடு இணைத்தார். இதற்கு அம்மொழியின் ஒலியமைப்பும் இடந்தந்தது. மலாயில் உயிரொலியின் நீளம் பொருளை வேறுபடுத்துவதில்லை. 1960இல் வந்த 'கெத்தாரான் ஜிவா' என்னும் பாடலின் தலைப்பையே காண்போம். 'ஜிவா' என்பது வடமொழி 'ஜீவ' என்பதன் வழிவந்தது. நம் 'சீவன்' என்பதற்கு உறவுச்சொல். தமிழ் அதன் நெடிலைக் காத்தது. மலாயில் அந்நெடில் தன் வேறுபடுத்தும் தொழிலை இழந்தது. எனவே மெட்டு அதனை எவ்வளவு நீட்டினும் குறுக்கினும் சொல் மாறாது.

தமிழின் நிலை வேறு. 'வரம்' என்பதன் முதலெழுத்தை நீட்டினால் 'வாரம்' ஆகிவிடும். இசையில் ஒலிகள் தம் அளவு கடந்து ஒலிக்கும் என்பதைத் தொல்காப்பிய நூன்மரபும் ஏற்கிறது. ஆயினும் குறிலும் நெடிலும் தம்முள் வேறுபட்டு ஒலித்தால்தான் கேட்பவருக்குப் பொருள் தெளிவாகும்.

மலேசியத் தமிழ்ப் பாடல்கள் பலவற்றில் இன்று மெட்டு முன்னும் சொல் பின்னுமாக வருகின்றன. மலாய்ப் பாட்டில் இடர் தராத மெட்டு, தமிழ்ச் சொல்லைச் சிதைக்கக்கூடும். வீட்டில் தமிழ் கேட்கும் வாய்ப்புக் குறைந்த பிள்ளைகள் பலர், சொற்களைப் பாட்டின் வழியே அறிகின்றனர். 'வாரம்' எனக் கேட்ட பிள்ளை 'வரம்' என்று எவ்வாறு உணரும்? ஆதலால் பாடலாசிரியர் தம் வரிகளை முதலில் மெட்டின்றி வாய்விட்டுப் படிக்கவேண்டும். பின் மெட்டோடு பாடி, குறில் எங்கேனும் நெடிலாகிறதா என நோக்கவேண்டும். ஆங்குச் சொல்லையோ மெட்டையோ மாற்றுதலே முறையாகும்.