நிழலுக்கும் பொறுப்பு உண்டு

ஒரு திரைப்படம் நம்மை அச்சுறுத்தினால், பாராட்டு இயக்குநருக்கும் நடிகருக்குமே போய்ச் சேர்கிறது. அந்த அச்சத்தை ஒளியாலும் இருளாலும் கட்டியெழுப்பிய ஒளிப்பதிவாளரைப் பெரும்பாலும் எவரும் நினைப்பதில்லை. ஜெர்மானிய ஒளிப்பதிவாளர் ஃபிரிட்ஸ் ஆர்னோ வாக்னர் (1889–1958) அத்தகையோரில் ஒருவர்.

முதல் உலகப் போரில் தோற்று, பணவீக்கத்தாலும் அரசியல் கொந்தளிப்பாலும் நிலைகுலைந்திருந்த ஜெர்மனியில் பேய்ப் படங்களும் குற்றப் படங்களும் செழித்தன. தீட்டப்பட்ட அரங்குகளுக்குள் பல படங்கள் உருவான காலத்தில், முர்னாவ் இயக்கிய 'நாஸ்ஃபெரட்டு' (1922) படத்துக்காக வாக்னரின் கேமரா உண்மையான கோட்டைக்கும் துறைமுக நகரின் தெருக்களுக்கும் சென்றது. ரத்தம் குடிக்கும் பிரபு அறைக்குள் நுழைவதற்கு முன்பே, அவனுடைய நிழல் படிக்கட்டில் ஏறிவிடுகிறது.

ஃபிரிட்ஸ் லாங் இயக்கிய 'எம்' (1931) படத்தில் இந்த உத்தி மேலும் கூர்மை பெற்றது. கொலையாளியைப் பிடித்துத் தருவோருக்குப் பரிசு அறிவிக்கும் சுவரொட்டியின்மீது ஒரு சிறுமி பந்தை அடித்து விளையாடுகிறாள். அந்தச் சுவரொட்டியிலேயே கொலையாளியின் நிழல் விழுகிறது. முகத்தைக் காட்டாததே அச்சத்தைப் பெருக்குகிறது.

1933-இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். லாங்கும் வாக்னரும் இணைந்து உருவாக்கிய 'டாக்டர் மாபுசேயின் மரண சாசனம்' தடை செய்யப்பட்டது. லாங் நாட்டைவிட்டு வெளியேறினார்; வாக்னர் தங்கிவிட்டார். 1941-இல் வெளிவந்த 'ஓம் க்ரூகர்' என்னும் நாஜிப் பிரசாரப் படத்தின் ஒளிப்பதிவாளர்களுள் அவரும் ஒருவர். போயர் போரில் பெண்களையும் குழந்தைகளையும் பிரிட்டன் முகாம்களில் அடைத்த கொடுமையை அப்படம் காட்டியது. அக்கொடுமை வரலாற்று உண்மைதான். ஆனால், அதைக் காட்டிக் கண்ணீர் வடித்த அரசு, அதே ஆண்டில் தன் வதைமுகாம்களில் மனிதர்களைக் கொன்றுகொண்டிருந்தது.

அரசின் திரைப்பட அமைப்பில் உறுப்பினராக இல்லாதவர் அன்று அங்கே தொழில் செய்ய இயலாது என்பதையும் மறுப்பதற்கில்லை. பாதுகாப்பான தொலைவில் அமர்ந்து தீர்ப்பு எழுதுவது எளிது. எனினும், 'அவர் கேமராவை இயக்கியவர் மட்டுமே. கருத்து வேறொருவருடையது' என்னும் சமாதானம் பொருந்தாது. 'நாஸ்ஃபெரட்டு' படத்தின் நிழலைப் படைத்த பெருமையில் அவருக்குப் பங்கு உண்டென்றால், 1941-இன் பொய்க்கு ஒளியூட்டிய பொறுப்பிலும் பங்கு உண்டு. பெருமையைக் கலைஞருக்கும் பழியைக் காலத்துக்கும் பிரித்துக் கொடுப்பது நியாயமாகாது.

ஒளிக்கு அறம் தெரியாது. அது யாருக்காகவும் விழும். அதை எங்கே விழச்செய்வது என்று முடிவெடுப்பவர் மனிதர். ஒளிப்பதிவாளரை உண்மையிலேயே படைப்பாளியாக மதிக்கிறோம் எனில், அவரிடம் இந்தக் கேள்வியைக் கேட்பதும் அந்த மதிப்பின் பகுதியே.